கம்பளி

மார்கழிப் பனி இன்னும் கலையவில்லை. கோழிக்கூண்டின் முன் குந்தியிருக்கும் சுடர்விழியின் முந்தானையில் ஆறு குஞ்சுகள் விறைத்துக் கிடக்கின்றன. நேற்று அவள் திருவாரூரில் தங்கிவிட்டாள். அந்த நேரம் பார்த்து, கூண்டைச் சுற்றிக் கட்டியிருந்த தார்ப்பாயைக் கொழுந்தன் தமிழ்மாறன் அவிழ்த்துக்கொண்டு போய்த் தன் புது பைக்கை மூடியிருக்கிறான். தாய்க்கோழி மிஞ்சிய இரண்டைச் சிறகுக்குள் இடுக்கிக்கொண்டு நடுங்குகிறது. அதன் கொண்டை குளிரில் கறுத்திருக்கிறது.

சுடர்விழி எழுந்து பக்கத்து வாசலுக்குப் போகிறாள். தார்ப்பாயை இழுத்தெறிந்து, குஞ்சுகளை ஒவ்வொன்றாக பைக் சீட்டின் மேல் வரிசையாகக் கிடத்துகிறாள். கம்பளி போர்த்தி டீ குடித்துக்கொண்டிருக்கும் தமிழ்மாறன் சிரிக்க முயல்கிறான்.

“வண்டி பனியில நனையுமேன்னுதான் அண்ணி. குஞ்சுதானே, வேற வாங்கிக்கலாம்.”

அவன் தோளிலிருந்து கம்பளியை உருவுகிறாள். டீ சிந்துகிறது. திரும்பி வந்து கோழியையும் மிஞ்சிய இரண்டு குஞ்சுகளையும் அதில் பொதிந்து மடியில் வைத்துக்கொள்கிறாள். கோழி அதிலேயே எச்சமிடுகிறது.

தமிழ்மாறன் பனியனோடு வேலியருகே வந்து நிற்கிறான். “குளிருது அண்ணி. அதக் குடுங்க.”

“நில்லுங்க தம்பி. ராத்திரி முழுக்க அதுங்க நின்னுச்சுல்ல.”

அவன் பற்கள் அடித்துக்கொள்ளும் சத்தம் கேட்கிறது. கறுத்த கொண்டையில் அவள் தேங்காயெண்ணெய் தடவுகிறாள், அவசரமே இல்லாமல்.