பின்சீட்டுக்காரர்

“எதிர்மனுதாரராம்! பதினெட்டு வருஷம் உங்க பின்னாடி உட்கார்ந்து வந்த மனுஷன், உங்களையே கோர்ட்டுக்கு இழுத்திருக்காரு!”

நோட்டீஸை மேஜைமேல் விட்டெறிந்தாள் அவள். அச்சகத்தில் புரூஃப் பார்க்கும் கணவர், கையிலிருந்த தாளிலிருந்து தலையைக்கூட நிமிர்த்தவில்லை.

“அஜாக்கிரதையா ஓட்டி அவர் காலை உடைச்சீங்களாம். படிச்சீங்களா, இல்லையா?”

“படிச்சேன். ஒரு எழுத்துப்பிழை இல்ல.”

“உங்களுக்கு உறைக்கவே உறைக்காதா? லைசென்ஸைப் பிடுங்கிடுவாங்களாம்!”

“பிடுங்கட்டும். நடந்தா உடம்புக்கு நல்லது.”

இந்த மனுஷனிடம் பேசுவதும் சுவரில் முட்டிக்கொள்வதும் ஒன்றுதான். நோட்டீஸை எடுத்துக்கொண்டு செருப்பை மாட்டினாள்.

வழக்குப் போட்ட பைண்டரின் வீடு நாலு தெரு தள்ளி. நடக்க நடக்கப் பழசெல்லாம் நினைவுக்கு வந்தது.

அதே அச்சகத்தில்தான் அவருக்குப் பைண்டிங் வேலை. சாயங்காலம் அந்தப் பழைய பைக் தெருமுனை திரும்பும்போதே, வண்டிச் சத்தத்துக்கு முன்னால் இரண்டு பேரின் சிரிப்பும் வந்து சேரும். அப்படி என்னதான் பேசுவார்களோ!

மகள் காய்ச்சலில் நினைவு தப்பிய அன்று, அவளை மடியில் வாரிப் போட்டுக்கொண்டு பின்சீட்டில் ஆஸ்பத்திரிக்குப் போனது இதே பைண்டர்தான். அன்றிலிருந்து, பெற்றவளான இவளுக்கு அவர் அண்ணன்.

வருஷா வருஷம் கணவர் பின்சீட்டுக்கும் சேர்த்தே இன்ஷூரன்ஸ் கட்டுவார். “நான் எங்க அதுல ஏறுறேன்? யாருக்கு இதெல்லாம்?” என்று அவள் சீண்டுவாள். “சம்சாரத்துக்கு இல்லம்மா, சிநேகிதனுக்கு” என்று அவர் கண்ணடிப்பார்.

எவ்வளவு நல்ல நாட்கள்! எல்லாம் இந்த ஒரு காகிதத்தில் மண்ணாய்ப் போனது.

பைண்டர் கட்டுப் போட்ட காலைத் தலையணைமேல் நீட்டிப் படுத்திருந்தார்.

“வா தங்கச்சி…”

“தங்கச்சின்னு கூப்பிடாதீங்க. வண்டி விழுந்த அன்னிக்கு நாய் குறுக்க வந்துச்சுன்னு நீங்கதானே சொன்னீங்க? இன்ஷூரன்ஸ்னு வந்ததும் அந்த நாய் எங்க போச்சு?”

பைண்டரின் முகம் சுண்டிப்போனது.

“நாய் வந்தா அது யார் தப்பும் இல்லையாம். கம்பெனியில கையை விரிச்சுட்டாங்க. ஓட்டினவர் மேல தப்பு இருந்தாத்தான் பின்னாடி இருந்தவனுக்கு ஏதாவது கிடைக்கும்னு வக்கீல் சொன்னாரு.”

“இன்னொரு ஆபரேஷன் பண்ணாத்தான் இவர் எழுந்து நடப்பாராம்” என்று முந்தானையால் கண்ணைத் துடைத்தாள் பைண்டரின் மனைவி.

“அதுக்காக, கூடப் பிறக்காத குறையா இருந்தவர் மேல பொய்ப் பழி போடுவீங்களா? எங்ககிட்ட ஒரு வார்த்தை கேட்டிருந்தா, வீட்டை அடகு வச்சாவது பார்த்திருப்போமே! அவர் ஒண்ணுமே நடக்காத மாதிரி உட்கார்ந்திருக்காரு. எனக்குத்தான் தாங்கல.”

சொல்லும்போதே அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

பைண்டர் தலையணைக்கு அடியிலிருந்து மடித்த தாள் ஒன்றை எடுத்து நீட்டினார்.

“வக்கீலுக்குக் கொடுக்க நான் முதல்ல எழுதி வச்சது. எது பொய்னு நீயே பாரு.”

பிரித்தாள். ‘நாய் குறுக்கே வந்ததால் வண்டி கவிழ்ந்தது’ என்று பைண்டரின் கோணல் எழுத்தில் இருந்தது.

அந்த வரியைச் சிவப்பு மையால் அடித்து, ஓரத்தில் புரூஃப் குறி போட்டு, அவள் கணவரின் மணிமணியான எழுத்து அதைத் திருத்தியிருந்தது: ‘நாய் எதுவும் வரவில்லை. ஓட்டியவர் என்னைச் சிரிக்க வைப்பதற்காகப் பின்னால் திரும்பிப் பேசினார்.’