அவதானியார் பிடித்த ஓணான்

நெடுந்தீவில் யார் எதை மறக்க விரும்பினாலும் ஆழ்வாப்பிள்ளை அவதானியார் விடமாட்டார்.

ஒருவர் முதுகில் பூ எறிய, இன்னொருவர் மணி அடிக்க, இரண்டையும் எண்ணிக்கொண்டே கேட்ட தலைப்பில் வெண்பா பாடி முடிக்கிற மனிதர். அவதானம் என்ற நினைவுக் கலையில் கரைகண்டவர். அந்தத் தலையோடு சும்மா இருந்தாரா? ஊர்க்கதை முழுவதையும் உள்ளே போட்டு வைத்திருந்தார். யாருடைய ஆடு யாருடைய சேலையைத் தின்றது, எந்தச் சம்பந்தம் எதனால் குழம்பியது, எல்லாம் கேட்டவுடன் வரும். கலியாண வீடுகளில் அவருக்கு மரியாதை உண்டு. பக்கத்தில் உட்காரத்தான் ஆள் இருக்காது.

ஒரு நாள் காலை கதிர்காமரும் சரவணமுத்தரும் அவரிடம் வந்தார்கள். இருவருக்கும் அடுத்தடுத்த காணி. மச்சான் முறை. அப்பன்மார் காலத்திலிருந்தே கோபக்காரர், கதைபேச்சு இல்லை. கதிரைகளை ஆளுக்கொரு பக்கம் திருப்பிப் போட்டு உட்கார்ந்துகொண்டார்கள்.

"என்ர மகள் மீனலோசனிக்கு ஒரு பொடியன் சரிவந்திருக்கு" என்றார் கதிர்காமர், கூரையைப் பார்த்து. "பொடியன் நல்லவன். தகப்பன்தான்..."

"என்ர மகன் சிவபாதத்துக்கு ஒரு பெட்டை சரிவந்திருக்கு" என்றார் சரவணமுத்தர், முற்றத்து மாட்டைப் பார்த்து. "பெட்டை தங்கம். தகப்பன்தான்..."

அவதானியாருக்கு விளங்கிவிட்டது. "அப்ப கட்டி வையுங்கோவன். பொடியன் அடுத்த மாதம் மலாயாவுக்குக் கப்பலேறுறானெல்லோ?"

"அதுதானே! இப்ப விட்டால் அங்க ஆரும் மடக்கிப்போடுவினம். என்ர பிள்ளை அழுதழுது சாப்பாட்டையும் விட்டிட்டாள்."

"பிறகென்ன?"

"பிழை விட்ட பகுதியெல்லோ முதல் மற்றவையின்ர வாசல் படலையைத் திறந்து உள்ள போகவேணும்?" என்றார் சரவணமுத்தர்.

"சரி, ஆர் பிழை விட்டது?"

அப்பன்மார் கோபத்தை மட்டும் கொடுத்துவிட்டுக் காரணத்தைச் சொல்லாமல் செத்துப் போயிருந்தார்கள்.

"எங்கட பகுதியில பிழையெண்டா நான் திறக்கிறன். அவரிட்டைச் சொல்லுங்கோ" என்றார் கதிர்காமர்.

"எங்கட பகுதியெண்டா நானும் திறப்பன். காரணம் தெரியாமல் ஏலாது, ஊர் சிரிக்கும். அவரிட்டைச் சொல்லுங்கோ."

கையெட்டும் தூரத்தில் இருந்தவர்களுக்கு அவதானியார் ஒவ்வொன்றையும் திருப்பிச் சொன்னார். ஒரு சொல் பிசகவில்லை.

"நீங்களே சொல்லுங்கோ அவதானியார். உங்களுக்குத் தெரியாததே?"

அவர் கண்ணை மூடினார். வெகுநேரம் திறக்கவில்லை. குசினிக்குள் அவர் மனைவி பார்வதிப்பிள்ளை அகப்பையை அப்படியே வைத்துவிட்டுக் காதைக் கொடுத்தாள்.

"பிழை ரெண்டு பகுதியிலயும் இல்லை. என்னில."

"என்ன!"

"பொடியனா இருக்கேக்க ஓணான் பிடிக்கிறதுக்கு உங்கட ரெண்டு காணிக்கும் நடுவில இருக்கிற கல்வேலியில கல்லைப் பிடுங்கினனான். திருப்பி வைக்கேல்லை. அந்த ஓட்டைக்குள்ளால சரவணமுத்தற்ற அப்புவின்ர நாம்பன் மாடு போய்க் கதிர்காமற்ற அப்புவின்ர வரகை மேஞ்சிட்டுது. வேணுமெண்டு விட்டதெண்டு சண்டை. நான் பயத்தில வாய் திறக்கேல்லை."

இருவரும் எழும்பிய வேகத்தில் கதிரைகள் விழுந்தன.

"கேட்டியே மச்சான், ஓணானாம்!"

"கேட்டன் மச்சான்! இவ்வளவு காலமும் வாயை மூடிக்கொண்டு எங்கட கலியாண வீடுகளில வடையெல்லோ திண்டிருக்கிறான்!"

"டேய், இனி எங்களுக்கும் உனக்கும் கதைபேச்சில்லை. கோயில் திருவிழாவில உன்ர அவதானமும் இல்லை!"

திட்டிக்கொண்டே இருவரும் தோளோடு தோள் உரசப் போனார்கள். யார் படலையை யார் முதலில் திறந்தது என்று ஒருவரும் கவனிக்கவில்லை.

தீவு முழுக்கக் கலியாணத்துக்குச் சொன்னார்கள். அவதானியார் வீட்டைத் தவிர. "ஊரார் பிழையெல்லாம் தலைக்குள்ள, தன்ர பிழை மட்டும் மடிக்குள்ள" என்று சனம் வாய்க்கு வந்தபடி பேசியது. திருவிழாவில் அவர் ஏறுகிற மேடையில் யாரோ பொம்மலாட்டம் வைத்தார்கள். மனிதர் அன்றைக்கு வெளியே தலைகாட்டவில்லை. பாவம், மேடை என்றால் அவருக்கு உயிர்.

கலியாணத்தன்று மேளச்சத்தம் வீட்டுக்குள் வந்தது. பார்வதிப்பிள்ளை சட்டியைத் தொப்பென்று வைத்தாள்.

"ஒரு ஓணானுக்காக ரெண்டு குடும்பத்தைப் பிரிச்சிருக்கிறியள். எனக்குக் கிணத்தடிக்குப் போக ஏலாமல் கிடக்கு. பொடியனா இருக்கேக்க செய்ததை அப்பவே சொல்லித் துலைச்சிருந்தால்..."

சட்டென்று நிறுத்தினாள்.

"இஞ்சருங்கோ, நீங்கள் கடலுக்கு அங்கால சரவணை ஊர் ஆளெல்லோ? என்னைக் கட்டின பிறகுதானே இந்தத் தீவில கால் வைச்சனீங்கள்?"

"மெதுவாக் கதையும். ஊரில ஒருத்தருக்கும் அந்த ஞாபகம் வரேல்லை."

"அப்ப அவையின்ர கோபத்துக்கு என்னதான் காரணம்?"

"எனக்கெப்பிடித் தெரியும்?" என்றார் அவதானியார். "அண்டைக்குக் கண்ணை மூடிக்கொண்டு நான் ஒண்டையும் ஞாபகப்படுத்தேல்லை. நல்ல பொய்யா ஒண்டு தேடினனான்."