குழலில் நின்ற குண்டு

ஐடஹோ மலையடிவாரத்துத் துப்பாக்கி சுடும் திடலில் காலை வெயில் பனித்தரையில் பட்டுக் கண்ணைக் கூசவைக்கிறது. லோர்னா ரிவால்வரின் விசையை அழுத்துகிறாள். பெரிய வெடிச்சத்தத்துக்குப் பதிலாகப் புட்டிமூடி திறந்தாற்போல ஒரு ‘டப்’. கைக்கு உதைப்பே இல்லை. எதிரே இலக்கு அட்டையில் புது ஓட்டையும் இல்லை. அவள் விரலை எடுத்துவிடுகிறாள். "என்னத்த யோசிக்கிற? அழுத்து, அடுத்தது போகும்!" என்கிறான் பின்னால் நிற்கும் அண்ணன் ராய்ஸ். தோட்டாக்கள் அவன் தன் கராஜில் கையால் வெடிமருந்து அடைத்தவை. கடைத் தோட்டா வாங்குகிறவன் சோம்பேறி என்பான். அவள் துப்பாக்கியைக் காலி செய்துவிட்டுப் பித்தளைக் கம்பியைக் குழலுக்குள் விடுகிறாள். நடுவிலேயே முட்டி நிற்கிறது. குண்டு உள்ளேதான் இருக்கிறது. அடுத்ததைச் சுட்டிருந்தால் அது இதில் மோதிக் குழல் வெடித்து அவள் விரல்கள் பனியில் கிடந்திருக்கும். "இதுல மருந்தே போடல நீ. அடியில இருக்கிற பொறி மட்டும் வெடிச்சு பாதி தூரம் தள்ளியிருக்கு. ஃபுட்பால் பாத்துக்கிட்டே அடைச்சியா?" "ஒண்ணே ஒண்ணுதானேடி! அதுக்குப் போயி ஊரக் கூட்டுற." பக்கத்து மேடைகளில் சுடுகிறவர்கள் காதுக்காப்பைக் கழற்றித் திரும்புகிறார்கள். லோர்னா அவன் பக்கம் திரும்புகிறாள். "ஒண்ணா? வெத்துக் கூடுகளத் தட்டுல வரிசையா நிக்க வச்சுத்தானே மருந்து ஊத்துவ? இத விட்டுட்டுப் பக்கத்துல இருந்ததுக்கு ரெண்டு தடவ ஊத்தியிருந்தா? சுட்டா துப்பாக்கியே பொளந்துடும். அது எதுன்னு காட்டு பாப்போம்." ராய்ஸ் தோட்டா டப்பாவை எட்டிப் பார்க்கிறான். அவள் அதை அவன் பக்கம் தள்ளுகிறாள். "இடுப்புல உன் துப்பாக்கி இருக்குல்ல. மிச்சத்த நீயே சுடு. நான் இங்கேயே நின்னு பாக்குறேன்." காற்று அட்டைகளைப் படபடக்க வைக்கிறது. ராய்ஸ் இரண்டு கைகளையும் கோட்டுப் பைகளுக்குள் விட்டுக்கொள்கிறான்.