விறகுப்புரையில் தாழ்ப்பாள்

கமலாக்ஷி கொல்லைப்புறத்தில் மீன் வாங்கிக்கொண்டிருந்தாள்.

வெங்கிடராமன் கண்ணைக் கசக்கிவிட்டு மறுபடி பார்த்தார். சந்தேகமே இல்லை. மீன்காரி வாழையிலையில் நாலு சாளையை வைத்து நீட்ட, மீன் வாசனையே படாத அக்ரஹாரத்தில் பிறந்த அவர் மனைவி அதைத் தலைப்பால் மூடி வாங்கிக்கொண்டு விறகுப்புரைக்குள் போனாள். தாழ்ப்பாள் விழுந்தது. திரும்பி வந்ததும் தலையோடு தண்ணீர் விட்டுக்கொண்டாள்.

மட்டாஞ்சேரியில் இந்த வீட்டுக்கு வந்து மூன்று வாரம்தான் ஆகிறது. முன்பு இருந்த மொய்து, குடும்பத்தோடு இடக்கொச்சிக்குப் போய்விட்டார். பஜனைக்கென்றே கட்டியது மாதிரி இருந்த கூடத்தைப் பார்த்து மயங்கி, மொய்து சொன்னதற்கெல்லாம் "செரி, செரி" என்று சாவியை வாங்கியவர் வெங்கிடராமன்.

ஆனால் பஜனை நடக்கவில்லை. "ஒரு மாசத்துக்கு ஜால்ராச் சத்தம் ஆகாது" என்றுவிட்டாள் கமலாக்ஷி.

"ஏன் ஆகாது?"

"தெரியாத மாதிரி கேக்காதேங்கோ."

பஜனை ஆகாது, மீன் ஆகும். இது என்ன கூத்து?

மறுநாள் விறகுப்புரை ஜன்னலில் ஒரு பழைய துணி தொங்கியது. மொய்துவின் மனைவி ஜலீலா தலையில் போடும் தட்டம்.

"இது எதுக்கு இங்கே? துவைச்சாவது வை."

"தொடாதேங்கோ. துவைச்சா வாசனை போயிடும்."

வெங்கிடராமனுக்குத் தலை சுற்றியது. பதினோரு வருஷம் குடித்தனம் நடத்தியவள் இவள்தானா? பாலக்காட்டு மச்சினனுக்குக் கார்டு எழுதினார். 'தங்கைக்குச் சித்தம் சரியில்லை. உடனே வந்து அழைத்துப் போகவும்.' எழுதி முடிப்பதற்குள் அழுகையே வந்துவிட்டது.

காலையில் கார்டோடு படியிறங்கினால், எதிரே மொய்து. கையில் மூடி போட்ட கூடை.

"சாமி, ஒங்களுக்கு அல்லா பரக்கத் செய்யட்டும்."

"எதுக்கு?"

"நாங்க வீடு மாறுறப்ப பெத்து ரெண்டு நாள் ஆன பூனை. அன்னிக்கே வள்ளத்துல ஏத்தியிருந்தா மெரண்டு குட்டியை விட்டுட்டு ஓடியிருக்கும். குட்டி நடக்குற வரைக்கும் சத்தம் காட்டாம வெச்சு, தெனம் நாலு சாளை போட முடியுமான்னு கேட்டேன். பட்டர் வீட்டுல மீனான்னு ஜலீலா ஒரே அழுகை. நீங்க செரின்னு வாக்குக் குடுத்தீங்க. காப்பாத்திட்டீங்க சாமி."

விறகுப்புரைக் கதவு திறந்தது. தட்டத்தில் சுற்றிய தாய்ப்பூனையும் மூன்று குட்டிகளும் கமலாக்ஷியின் கைகளில் சாதுவாக வந்து கூடைக்குள் இறங்கின.

"புது ஆத்துலேயும் இந்தத் துணியிலேயே படுக்கவிடச் சொல்லுங்கோ. ஜலீலா வாசனை இருந்தா பயப்படாது."

மொய்து போன பிறகு வெங்கிடராமன் கார்டைச் சட்டைப்பைக்குள்ளேயே கசக்கினார்.

"எங்கிட்டே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?"

கமலாக்ஷி நிஜமாகவே குழம்பிப்போய் அவரைப் பார்த்தாள்.

"உங்ககிட்டே என்ன சொல்றது? என் காதுபட வாக்குக் குடுத்தது நீங்கோதானே. மீனைத் தொட வெக்கப்பட்டுண்டு எங்கிட்டே விட்டிருக்கேள்னு நெனச்சேன்."