பசிமானி

உப்பளத் தெருவுக்கு மழைக்கால நிவாரண அரிசி வரவேயில்லை. தெருவின் சார்பில் பொதுநல வழக்குத் தொடுத்தவள் தவமணி. தாமதத்தால் விளைந்த பட்டினியை மனுதாரரின் வயிறே மெய்ப்பிக்க வேண்டும் என்பது புதிய சட்டம். நீதிமன்றத்தில் அவள் மணிக்கட்டில் பசிமானியைக் கட்டினார்கள். பச்சை விளக்கு எரிந்தது.

“மனுதாரருக்குப் பசியில்லை. மனு தள்ளுபடி” என்றார் நீதிபதி.

“என்னம்மா சாப்பிட்டுத் தொலைச்சே?” என்று பதறினார் அவளுடைய வழக்கறிஞர்.

“பக்கத்து வீட்டு ரொக்கையாக்கா தனக்கு வச்சிருந்த கஞ்சியக் குடுத்தாவ அய்யா. வெறும் வயித்தோட கோர்ட்டுக்குப் போகாதன்னு வாசல மறிச்சு நின்னுட்டாவ.”

அரசு வழக்கறிஞர் சிரித்தார். “கஞ்சி தானம் பண்ணுற தெருவுக்கு அரிசி எதுக்கு?”

ஏழையின் ஈகையையே சாட்சியாக்கி ஏழையைத் தோற்கடிக்கும் மன்றமே, உனக்கு நாணமென்பதே இல்லையா?

தவமணி கூண்டின் கம்பியைப் பற்றிக்கொண்டு கத்தினாள்: “அக்கா வெளிய மரத்தடியில மயங்கிக் கிடக்காவ! குடுத்த கையில இதக் கட்டிப் பாருங்க அய்யா!”

நீதிபதி நிமிர்ந்தும் பார்க்கவில்லை.

“அவர் மனுதாரர் அல்லர். அடுத்த வழக்கு.”