குடியிருப்பவர் வீட்டில் இல்லை

காலை பத்து இருபதுக்கு ஏட்டு அந்த வீட்டின் கேட்டை லேசாகத் தூக்கித் தள்ளினார்.

அப்படித் தள்ளினால்தான் அது திறக்கும்.

பின்னால் நீதிமன்ற அமீனா, கையில் உத்தரவோடு. அவருக்குப் பின்னால் பூட்டுக்காரர். தெருவில் பத்துப் பதினைந்து பேர் வேடிக்கை பார்த்தார்கள்.

பதினொரு மணிக்குள் வீட்டைக் காலி செய்ய வைக்க வேண்டும். பொது அமைதி கெடாமல் காவல்துறை பார்த்துக்கொள்ள வேண்டும். உத்தரவில் குழப்பம் எதுவும் இல்லை.

ஸ்டேஷனில் வேறு ஆள் இல்லை. ஏட்டு ஏதோ சொல்ல வாயெடுத்தார். உத்தரவு உத்தரவுதான் என்று சொல்லிவிட்டு இன்ஸ்பெக்டர் ஜீப்பில் ஏறிவிட்டார்.

முன்னறிக்கை எழுதியதும் ஏட்டுதான். குடியிருப்பவர் சாது, வம்புதும்புக்குப் போகாதவர். மனைவிக்குக் கொஞ்சம் வாய் நீளம். கூடுதல் காவலர்கள் தேவையில்லை.

அமீனா விதிப்படி குடியிருப்பவரின் பெயரை மூன்று முறை உரக்கக் கூப்பிட்டார்.

யாரும் குரல் கொடுக்கவில்லை. ஏட்டு கையிலிருந்த ஸ்டேஷன் கோப்பை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார்.

ஒரு பெண் கதவைத் திறந்தாள். உள்ளே கட்டி வைத்த மூட்டைகள் தெரிந்தன. கணவர் எங்கே என்று அமீனா அந்தப் பெண்ணிடம் கேட்டார்.

"டியூட்டிக்குப் போயிருக்காரு. எப்ப எங்க இருக்கணும்னு அந்த மனுஷனுக்கு என்னைக்குத் தெரிஞ்சிருக்கு?"

தெருவில் யாரோ சிரித்தார்கள். ஏட்டு லத்தியால் கேட்டைத் தட்டினார். அமைதி திரும்பியது.

குடியிருப்பவர் வீட்டில் இல்லை என்று அமீனா எழுதினார். சாட்சியாகக் காவல்துறையின் கையெழுத்து வேண்டும் என்றார்.

ஏட்டு இரண்டு முறை படித்தார். கோப்பை நகர்த்தாமல் ஒரு கையால் கிறுக்கினார். அதில் பொய் எதுவும் இல்லை.

மூட்டைகள் ஒவ்வொன்றாக வெளியே வந்தன. பூட்டுக்காரர் புதுப் பூட்டைப் போட்டு இழுத்துப் பார்த்தார். அமீனா அரக்கை உருக்கி முத்திரை வைத்தார்.

மணி பத்து ஐம்பத்தைந்து. ஒரு சின்னச் சத்தம்கூட இல்லை. ரொம்ப ஒழுங்கான பந்தோபஸ்து என்று அமீனா பாராட்டினார்.

அந்தப் பெண் பையிலிருந்து ஒரு டிபன் டப்பாவை எடுத்து ஏட்டிடம் நீட்டினாள்.

ஒரு கையில் லத்தி. டப்பாவை வாங்க அவர் கோப்பை இறக்க வேண்டியிருந்தது.

மார்பில் இருந்த பெயர்ப்பட்டையை அமீனா படித்தார். பிறகு கையிலிருந்த உத்தரவை இன்னொரு முறை படித்தார்.

அவள் அமீனாவைப் பார்க்கவே இல்லை. ஏட்டைத்தான் பார்த்தாள்.

"டியூட்டி முடிஞ்சு எங்க வருவீங்க?"