ஆள் புழங்கும் வீடு

அழைப்புமணி அடித்தபோது கெய்தான் வோஸெல் சாப்பாட்டு மேஜையில் காப்பிக் கறை வைத்துக்கொண்டிருந்தான்.

கோப்பையின் அடியைக் காப்பியில் நனைத்து, மேஜையில் ஒத்தி எடுத்து, ஓரத்தை விரலால் லேசாகக் கலைத்துவிட வேண்டும். நாற்பத்தாறு படங்களில் செய்த வேலை. கண்ணை மூடிக்கொண்டே செய்வான்.

சினிமாவில் ஆர்ட் டைரக்டர் அவன். புத்தம்புதுப் பலகையை இரண்டே நாளில் நூறு வருடத்துச் சுவராக்குவதில் பாரிஸில் தன்னை மிஞ்ச ஆளில்லை என்று அவனே பலரிடம் சொல்லியிருக்கிறான். அவன் கட்டிய அரண்மனை எதுவும் மூன்று வாரத்துக்கு மேல் நின்றதில்லை. கல்யாணம் மட்டும் இருபத்தாறு வருடம் நின்றது. அதுவும் மரிவோன் தாங்கிப் பிடித்ததால்.

போன வருடம் அவள் கையை எடுத்துவிட்டாள்.

"நீ வீட்டுல குடியிருக்கலப்பா. செட் போட்டு வெச்சிருக்க" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

பொய்யில்லை. அவள் சோபாவில் சாய்ந்தால் குஷன் நசுங்குகிறது என்பான். கிண்ணத்திலிருந்து ஒரு எலுமிச்சம்பழத்தை எடுத்து டீயில் பிழிந்ததற்காக ஒருநாள் முழுக்க அவளோடு பேசவில்லை. நீலக் கிண்ணத்தில் ஐந்து பழம் இருந்தால்தான் எடுப்பாக இருக்குமாம்.

இப்போது அவளே போன் செய்து, ஞாயிற்றுக்கிழமை மதியம் வருகிறேன் என்றிருந்தாள். வீடு ஆள் புழங்கும் வீடாகத் தெரிந்தால் திரும்பி வந்துவிடுவாள் என்று கெய்தான் முடிவு கட்டிக்கொண்டான்.

மூன்று நாள் பாடுபட்டான். நாற்காலி முதுகில் ஒரு அழுக்குக் கம்பளிச் சட்டை. சோபாவில் பாதி படித்த புத்தகம். கிண்ணத்தில் மூன்றே பழம். அடுப்பில் வெண்ணெயில் வெங்காயம் வதங்கியது. சமைக்க அல்ல, வாசனைக்கு. வீட்டை அலங்கோலமாக்குவதற்கு முதலில் காகிதத்தில் படம் வரைந்துகொண்டான் என்பதை வெளியே சொன்னால் வெட்கக்கேடு.

கதவைத் திறந்தான்.

மரிவோன் நின்றிருந்தாள். கையில் ஒரு பெரிய பெட்டி.

நான்கு மாடி, லிஃப்ட் கிடையாது. அவளுக்கு மூச்சுகூட வாங்கவில்லை. அதையெல்லாம் அவன் எங்கே கவனித்தான்? பெட்டியைக் கண்டதுமே தலைகால் புரியவில்லை.

அவள் அவனுக்கு இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தாள். பெட்டியை வாசலிலேயே விட்டுவிட்டு உள்ளே வந்தாள்.

மரிவோனும் சினிமாக்காரிதான். கன்டினியூட்டி பார்ப்பவள். ஒரு ஷாட்டில் பாதி எரிந்த சிகரெட் அடுத்த ஷாட்டில் அரை விரற்கடை நீண்டிருந்தால் படப்பிடிப்பையே நிறுத்திவிடுவாள். அவளைச் செட் போட்டு ஏமாற்றலாம் என்று நினைத்தவனின் அறிவை என்னவென்று சொல்வது!

கறையை விரலால் தொட்டாள். ஈரம். பக்கத்திலிருந்த கோப்பைக்குள் எட்டிப் பார்த்தாள். உள்ளே காய்ந்து கிடந்தது.

"காப்பி குடிச்சது யாருப்பா, மேஜையா?"

புத்தகத்தை எடுத்தாள். முதுகில் ஒரு மடிப்புகூட விழவில்லை. வாணலிக்குள் பார்த்தாள். வெங்காயத்துக்குத் துணையாக எதுவும் இல்லை. கம்பளிச் சட்டையைப் புரட்டினாள். உள்பக்கம் ஒரு துண்டுச்சீட்டு குத்தியிருந்தது. 'மாமனார், காட்சி 31.'

"அடப்பாவி! அழுக்குச் சட்டைகூட இரவல்தானா?"

வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். அவனுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. இப்படிச் சேர்ந்து சிரித்து எத்தனை காலம் ஆயிற்று!

சிரித்தபடியே சோபாவில் விழுந்தாள். குஷன் நசுங்கியது.

அவன் பார்த்தான். ஒன்றும் சொல்லவில்லை. நாற்பத்தாறு படத்துக்கும் கிடைக்காத பட்டத்தை இதற்கே கொடுக்கலாம்.

"நசுங்கிடுச்சு பாரு" என்றாள்.

"நசுங்கட்டும்."

அவள் அவனையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் கண் கலங்கியிருந்தது. ஜெயித்துவிட்டோம் என்று கெய்தான் நினைத்தான்.

"பெட்டிய உள்ள கொண்டுவந்து வைக்கவா?"

"ம், கொண்டா."

வாசலுக்குப் போனான். அறுபத்து மூன்று வயது இடுப்பாயிற்றே என்று காலை அகட்டி வைத்து, குனிந்து, பல்லைக் கடித்துக்கொண்டு ஒரே தம்மில் தூக்கினான். பெட்டி பறந்து வந்து அவன் தாடையில் இடித்தது.

வெறும் பெட்டியை நடிகர் கையில் கொடுத்தால் தோள் சாயாது, காட்சி பொய்யாகிவிடும். அதனால் ஒவ்வொரு படத்திலும் ஒவ்வொரு பெட்டியிலும் செங்கல் வைக்கச் சொல்லிச் சண்டை போட்டவன் அவன். எனவே அந்த ஒரு நொடி அவனுக்குக் கோபம்தான் வந்தது. எந்த முட்டாள் இதில் செங்கல் வைக்க மறந்தது என்று கேட்கத் திரும்பினான்.

மரிவோன் எழுந்து நின்றிருந்தாள்.

"என்னோட புத்தகம், குளிருக்குப் போடுற கோட்டு எல்லாம் இங்கதானே கெடக்கு, கெய்தான்" என்றாள். "போன்லயே சொல்லியிருக்கணும். வாய் வரல."

அவனுக்கு அழுகை வந்தது. மறைக்கப் பார்த்தான், முடியவில்லை.

பிறகு இருவருமாகச் சேர்ந்தே அடுக்கினார்கள். புத்தகங்கள் அடியில், கோட்டுகள் மேலே. அவன் பெட்டிமேல் உட்கார்ந்து அழுத்த, அவள் பூட்டினாள். நானே தூக்கிவருகிறேன் என்றான்.

படிக்குப் படி வலது தோள் கீழே இழுத்தது. மூச்சு வாங்கியது. இரண்டாம் மாடியில் இறக்கிவைத்துக் கை மாற்றிக்கொண்டான். அவள் பின்னால் வந்தாள்.

பார்க்கிறவர்கள் யாரும் அந்தக் காட்சியில் ஒரு குறை சொல்லியிருக்க முடியாது.